குடும்பம்: ஒரே முகவரியில் வசிப்போர்

மார்ச் 4
எங்கள் காப்பீட்டு நிறுவனத்தில் ஒவ்வொரு வேலைக்கும் ஒரு மென்பொருள் சேவை: சம்பளத்துக்கு ஒன்று, விடுப்புக்கு ஒன்று, பணியிட மாற்றலுக்கு ஒன்று. ஒன்றையொன்று கேட்டுத்தான் வேலை செய்யவேண்டும். ஆனால் ஒரே சொல்லுக்கு ஆளுக்கொரு அர்த்தம் வைத்திருக்கின்றன, கேட்கும், புரியாது. "புருஷன் பொண்டாட்டி மாதிரி" என்றார் விற்பனைத் தலைவர். திருமணமாகாதவர்.

எல்லாச் சேவைகளும் நம்பக்கூடிய பொதுவான பொருள் அகராதியை எழுதுவது என் வேலை. இன்று "வாடிக்கையாளர்". விற்பனைப் பிரிவுக்கு, தொலைபேசி எண் கொடுத்தவரெல்லாம் வாடிக்கையாளர். கணக்குப் பிரிவுக்கு, பணம் கட்டியவர் மட்டும். இழப்பீட்டுப் பிரிவு அம்மாள், "செத்தாத்தான் சார் எங்களுக்கு அவர் அறிமுகமே ஆவார்" என்றார். மாலைவரை முடிவில்லை.

மார்ச் 5
பணியாளர் பிரிவின் சொற்கள். அவர்கள் எதையும் மறுப்பதில்லை. தேநீர் ஆறுமுன் முடிந்தது. "குடும்பம்: ஒரே முகவரியில் வசிக்கும் உறவினர்." ஐயத்துக்கே இடமில்லை. நான் எழுதியதில் எனக்கு மிகவும் பிடித்த வரி.

மார்ச் 11
கணக்குப் பிரிவுக்காரர் யாரையும் கேட்காமல் அகராதியில் கைவைத்துவிட்டார். இனி எந்தச் சொல்லை மாற்றினாலும் எல்லாப் பிரிவுத் தலைவர்களும் ஒரே கூட்டத்தில் ஒப்புக்கொள்ளவேண்டும் என்று விதி எழுதினேன். மேலாளர் கைதட்டினார்.

ஏப்ரல் 2
மனைவி ஃபோனில். அவளும் பாப்பாவும் ஓர் இரவு ரயில் தூரத்தில், அவளுக்கு வங்கி வேலை இருக்கும் ஊரில். "ஜூன்ல பாப்பாவப் பள்ளிக்கூடத்துல விடுறப்ப கூட இருப்பேன்னு சொன்னீங்க. வேலைய விட்டுட்டு என்னை அங்க வரச்சொல்லாதீங்க, அத மட்டும் கேக்காதீங்க." கேட்கவில்லை. அந்த ஊரில் எங்கள் கிளை இருக்கிறது, இடமும் காலி. மாற்றலுக்கு விண்ணப்பித்தேன். காரணம்: குடும்பத்துடன் சேர.

ஏப்ரல் 3
நிராகரிப்பு. மனிதர் யாரும் பார்க்கவில்லை. மாற்றல் சேவை என் அகராதியைக் கேட்டிருக்கிறது. என் முகவரியில் என்னைத் தவிர யாருமில்லை. ஆகவே எனக்குக் குடும்பம் இல்லை.

தர்க்கத்தில் பிழை தேடினேன். கிடைக்கவில்லை.

ஏப்ரல் 4
"சார், ஒரே ஒரு வரி மாத்தணும்."
"கூட்டம் போடுங்க. நீங்க எழுதின விதிதானே? நீங்களே மீறினா எப்படி?" மேலாளர் உண்மையிலேயே வருத்தப்பட்டார்.

ஏப்ரல் 22
கூட்டம். நிலுவையிலுள்ள "வாடிக்கையாளர்" முதலில் முடியட்டும் என்றார்கள். முடியவில்லை.

மே 9
நிறுவனம் எனக்குக் கொடுத்திருக்கும் ஒற்றை அறைக்கு, விடுமுறைக்கு இருவரும் வந்திருக்கிறார்கள். ஒற்றைக் கட்டில், நான் தரையில். படுத்தபடி ஒரு யோசனை — இருவரையும் என் முகவரியில் பதிவு செய்து, மறுபடி விண்ணப்பித்தேன். எனக்குக் குடும்பம் இல்லையென்று இனி எந்தச் சேவை சொல்கிறது, பார்ப்போம். அவள் திரையை எட்டிப் பார்த்தாள். "அப்போ இத்தனை நாள் நாங்க யாரு?"

மே 12
நிராகரிப்பு. "விண்ணப்பதாரர் ஏற்கெனவே குடும்பத்துடன் வசிக்கிறார்."

என்னடா பண்றது இப்ப? எந்தப் பக்கம் போனாலும் நான் பூட்டின கதவு. எவன்டா பூட்டினான்னு திட்டக்கூட முடியல.

மே 18
ரயிலேற்றிவிட்டுத் திரும்பினேன். பதிவின்படி மூவரும் அறையில்தான் இருக்கிறோம்.

மே 27
நிறுவனத்தின் குடியிருப்புச் சேவை தானாகவே எழுதியிருக்கிறது: மூவருக்கு ஒற்றை அறை போதாது, இரண்டறை வீடு ஒதுக்கப்பட்டுள்ளது. எங்கள் சேவைகள் இவ்வளவு அழகாக ஒன்றையொன்று புரிந்துகொண்டது இதுவே முதல்முறை. மாதாந்திர அறிக்கையில் சேர்க்கச் சொன்னார் மேலாளர்.

ஜூன் 1
வீடு மாறினேன். ஃபோனில் சொன்னதும் அவள், "பாப்பாவுக்குப் பக்கத்துல பள்ளிக்கூடம் இருக்கா?"
"இருக்கு."
"சமையலறையில ஜன்னல்?"
ஃபோனோடு போய்த் திறந்து பார்த்தேன். கை நீட்டினால் தொடலாம், அடுத்த கட்டடத்தின் சுவர்.
"இருக்கு" என்றேன்.