வாய் திறக்காத வண்டிக்காரன்

தை 8, திங்கள்.
மழையே இல்லை. புழுக்கம். செருப்புக்கு அடி தைக்கக் கொடுத்தது, வாங்க வேண்டும்.

இருட்டியபின், பத்திரிகைக்குச் செய்தி கேட்க வழக்கம்போல் போலீஸ் நிலையம். வாசலில் ஒரு பெண், இடுப்பில் குழந்தை. பெயர் காளியம்மா. புருஷன் மருதமுத்து, மாட்டுவண்டிக்காரன். விளக்கில்லாமல் வண்டி ஓட்டினான் என்று சற்றுமுன் ரோந்துப் போலீஸ்காரன், ஒரு மலாய்க்கார மாத்தா, நிறுத்தியிருக்கிறான். பேர் கேட்டால் வாய் திறக்கவில்லை. பிடித்து உள்ளே போட்டாயிற்று.

"புள்ளைக்குக் காய்ச்சல் கண்டப்ப வேண்டுனது அண்ணே. தண்ணிமலை முருகன் கோயில்ல காவடி எறக்குற வரைக்கும் பேச மாட்டாரு. நான் பேரு சொன்னேன்ல, கேக்க மாட்டேங்கிறானுங்க. அவரே சொல்லணுமாம்."

வெள்ளிக்கிழமை பூசம்.

இன்ஸ்பெக்டர் துரையிடம் கேட்டேன். பேர் மறைக்கிறவன் வேறெதையோ மறைக்கிறான், சரக்குக் கிட்டங்கித் திருட்டில் தேடும் ஆளாக இருக்கலாம் என்றார். நாளை கோர்ட்டில் ஒரு வாரக் காவல் கேட்பாராம்.

பேர் சொல்லாதவனைப் பிடிக்கலாம் என்று சட்டத்தில் இடம் உண்டு. பிடித்தே ஆகவேண்டும் என்று இல்லை. துரைக்கு இது தெரியும். வெறும் விளக்கு வழக்கு, அபராதத்தோடு முடிவது.

குழந்தை பேர் பொன்னி. காய்ச்சல் விட்டுவிட்டது. என் மூக்குக்கண்ணாடியைப் பிடித்து இழுத்தாள்.

தை 9, செவ்வாய்.
கோர்ட்டு. மின்விசிறி ஓடவில்லை. மருதமுத்து கூண்டில், கைகட்டி, உதட்டை இறுக்கி.

துரை ஒரு வாரம் கேட்டார்.

மாஜிஸ்திரேட்: "எதற்கு?"

"பேரைக் கண்டுபிடிக்க."

"இதுவரை யாரைக் கேட்டீர்கள்?"

"அவனைத்தான்."

"வேறு யாரையும்?"

காளியம்மாவை அழைத்துக் கேட்டார்கள். பேர், குடியிருக்கும் வண்டிக்கொட்டகை, மாட்டின் நிறம்வரை சொன்னாள். கொட்டகை முதலாளியும் எழுந்து, "நம்ம ஆளுதாங்க, நல்ல பையன்" என்றார். கிட்டங்கிக் காவல்காரன் வந்திருந்தான். அவன் பார்த்த திருடன் இவன் இல்லையாம்.

மாஜிஸ்திரேட் துபாஷியிடம்: "அவள் சொன்னது சரியென்றால் தலையை ஆட்டச் சொல்." மருதமுத்து தயங்கினான். விரதம் கெடுமோ என்று பயம்போல. பின்வரிசையிலிருந்து ஒரு குரல்: "ஆட்டுய்யா! தலைக்கு என்ன விரதம் லா?"

சிரிப்பு. துபாஷி அதையும் முகம் மாறாமல் இங்கிலீஷில் சொன்னார். மாஜிஸ்திரேட் குனிந்து எதையோ எழுதினார், தோள் குலுங்கியது.

மருதமுத்து தலையாட்டினான்.

உத்தரவு, என் குறிப்பின்படி: பேர் தெரியாத வரையில் பிடித்து வைத்தது சரி. தெரிந்தபின் வைத்திருக்கக் காரணம் இல்லை. விசாரிக்க வேண்டியது போலீஸ். அதற்கு ஆளைப் பூட்டிவைக்க வேண்டுமா என்று பார்ப்பது கோர்ட்டு. முதலாளி பிணையில் விடுதலை. விளக்கு வழக்கு திங்களுக்கு.

துரை கோபப்படவில்லை. வெளியே வந்து என்னிடம் சுருட்டுக்கு நெருப்புக் கேட்டார். "அந்த அம்மாவை நேற்றே கேட்டிருக்கலாம்." இத்தனை வருஷத்தில் ஒரு போலீஸ் அதிகாரி இப்படிச் சொல்லிக் கேட்டதில்லை.

ஆசிரியர்: "வண்டிக்காரன் கேசா? நாலு வரி போதும்யா."
முழு உத்தரவும் போட வேண்டும் என்றேன். முனகினார். போடுகிறார்.

செருப்பு வாங்க மறந்தேன்.

தை 12, வெள்ளி. பூசம்.
டிராமில் நிற்க இடமில்லை, நடந்தே தண்ணீர்மலை. வழியெல்லாம் தேங்காய்ச் சிதறல். பழைய செருப்பு; காலில் ஓடு குத்தியது.

மருதமுத்து காவடி இறக்கியதைப் பார்த்தேன். தண்ணீர் கொடுத்தார்கள். ஒரு மடக்குக் குடித்து, "பொன்னி" என்றான். தொண்டை கட்டியிருந்தது. குழந்தை அடையாளம் தெரியாததுபோல் விழித்துவிட்டு, அப்புறம் தாவினாள். காளியம்மா முகத்தை முந்தானையால் மூடிக்கொண்டாள்.

அடிவாரத்தில் கூட்டத்தை ஒதுக்கிக்கொண்டு அன்று அவனைப் பிடித்த அதே மலாய்க்கார மாத்தா. மருதமுத்து குழந்தையோடு நேரே அவனிடம் போனான்.

"எம் பேரு மருதமுத்து."

"தெரியும் லா" என்றான் மாத்தா, அரைகுறைத் தமிழில். "விளக்கு? இருக்கா?"

மருதமுத்து மரத்தடியைக் காட்டினான். அவன் வண்டி. அடியில் புது லாந்தர், உச்சி வெயிலில் எரிந்துகொண்டிருந்தது.