வெண்டல் பேரில் ஏறிய பதிவு

ஜூலை 9, செவ்வாய்

போதைச் சோதனைக்கு இன்று குலுக்கலில் வந்த பெயர் என் வீட்டுக்காரனுடையது. அவன் ஓட்டுகிற லாரி கம்பெனியில் டிரைவர்களுக்குத் தகவல் சொல்வது என் வேலை. போன் பண்ணினேன்.

"பன்னிய ஏத்திட்டேன் நோரீன். இந்த நெப்ராஸ்கா வெயில்ல வண்டிய நிறுத்தினா மூச்சு முட்டிச் செத்துரும்" என்றான் வெண்டல்.

முதலாளி டெல்மார் குறுக்கிட்டார்: "சொன்ன உடனே போகணும், அதான் சட்டம்." குடியை விட்டு எத்தனையோ வருஷமான மனுஷனுக்கு என்ன பயம்? "மூத்திரக் கோப்பைய நிரப்பிட்டு ஓடி வாய்யா" என்று கிண்டல்கூடச் செய்தேன்.

ஜூலை 10

தலையில் இடி. நேற்று அவனுக்குச் சிறுநீர் போதுமான அளவு வரவில்லையாம். தண்ணீர் கொடுத்துக் காத்திருக்கச் சொல்லியிருக்கிறார்கள். வெளியே வண்டியில் பன்றிகளின் அலறல். அதைக் கேட்டுக்கொண்டு இவன் உட்காருவானா? காற்றோட்டத்துக்காக வண்டியை ஓட்டிக்கொண்டு போய்விட்டான். பன்றிகள் பிழைத்தன. ஆனால் மாதிரி கொடுக்காமல் கிளம்பினால் சோதனைக்கு மறுத்ததாகத்தான் கணக்கு. மறுத்தவனும் போதையில் மாட்டினவனும் ஒன்று.

இருந்து தொலைத்திருக்கக் கூடாதா? அட, நான்தான் டெல்மாரிடம் சண்டை போட்டிருக்கக் கூடாதா?

ஜூலை 12, வெள்ளி

அவன் மறுத்ததை அரசாங்கப் பதிவேட்டில் நான் ஏற்ற வேண்டும். நாட்டிலுள்ள லாரி முதலாளிகள் எல்லோரும் டிரைவரை எடுக்குமுன் பார்க்கிற பதிவு அது. கெடு இன்றோடு சரி. டெல்மாரிடம் கெஞ்சினேன்.

"எனக்கு மட்டும் மனசில்லையா? மறைச்சா கம்பெனியே போயிரும்மா."

ஏற்றினேன். என் கையாலேயே. பாவி நான்.

வீட்டில் சொன்னேன். "நீ இல்லேன்னா வேற யாராவது ஏத்தியிருப்பாங்க, விடு" என்றான், ரொட்டியைப் பிய்த்தபடி. நாலு வார்த்தை திட்டியிருந்தால் தேவலை.

ஜூலை 30

மறுபடி லாரி ஓட்ட வேண்டுமானால் போதை ஆலோசகர் சொல்கிற வகுப்பை முடிக்க வேண்டுமாம். போய் வந்தான். "குடிக்கலைன்னு சொன்னா, எல்லாரும் அப்படித்தான் சொல்லுவாங்கன்னு சிரிக்கிறாங்கடி."

ஆகஸ்ட் 20

வகுப்பு முடித்தான். மறுசோதனையிலும் தேறிவிட்டான். ஆனாலும் பதிவு ஐந்து வருஷம் நிற்கும். டெல்மாரின் காப்பீட்டுக்காரர்கள் இவனை வேண்டாம் என்றுவிட்டார்கள்.

ஆகஸ்ட் 27

இன்னொரு கம்பெனி. "பதிவப் பாத்தோம், மன்னிச்சுக்கங்க."

செப்டம்பர் 3

இன்னொன்று. அங்கே மன்னிப்பும் கேட்கவில்லை.

செப்டம்பர் 14, சனி

ஊரில் சோள அறுவடை. லாரி ஓட்ட ஆள் கிடைக்காமல் எல்லோரும் அலைகிறார்கள். இவனை மட்டும் யாரும் கூப்பிடவில்லை.

மத்தியானம் சாப்பிடக் கூப்பிடப் போனேன். வண்டிக் கொட்டகையில் தரையில் உட்கார்ந்திருந்தான். கிட்டே போனதுமே விஸ்கி வாடை.

"ஐயோ, என்னய்யா பண்ணித் தொலைச்சே!"

அவன் நிமிர்ந்து பார்க்கவில்லை. "நீ ஏத்தினது பொய்யில்லைன்னு ஆயிருச்சு, நோரீன். இனிமே அழாதே" என்றான்.

எனக்கு ஆறுதல் சொல்கிறானாம்! பாட்டிலைப் பிடுங்கக்கூடத் தோன்றவில்லை. அங்கேயே உட்கார்ந்து ஓவென்று அழுதேன். அவன் கொஞ்சம் நகர்ந்து இடம் விட்டான்.