செருப்பைக் கழற்றிய அரங்கம்

பாபாவுக்கு வணக்கம். பதினெட்டு வருடம் வாயை மூடிக்கொண்டிருந்தது போதும். முழங்கால் வலி தேவலையா?

கோலாப்பூரில் உங்கள் மல்யுத்தக் களத்தின் செம்மண்ணில் செருப்போடு இறங்கிப் படமெடுத்தேன் என்று, பெற்ற மகனென்றும் பாராமல் சீடர்கள் எல்லோர் முன்னிலையிலும் கேமராவைப் பிடுங்கி, "வெளியே போடா கூத்தாடி!" என்றீர்கள். நான் மறக்கவில்லை; இனியும் மறக்கப்போவதில்லை.

நேற்று மும்பையில் என் பன்னிரண்டாவது விளையாட்டு ஆவணப்படத்தைத் திரையிட்டார்கள். மல்யுத்தத்தைப் பற்றியது. முதல் வரிசை முழுக்கப் பயில்வான்கள். திரையில் செம்மண் தெரிந்ததும் அவர்களில் மூத்தவரான கிழவர் தத்தோபா குனிந்து செருப்பைக் கழற்றினார்.

"என்ன பெரியப்பா, இது வெறும் திரைதானே?" என்றான் பக்கத்திலிருந்தவன்.

"மண்ணு தெரியுதுல்ல? நீயும் கழட்டுடா கழுதை!"

வரிசை வரிசையாக அரங்கமே செருப்பைக் கழற்றியது. ஜெயித்தது நான்தான், பாபா.

அம்மாவிடம் சொல்லிக் கொஞ்சம் பூண்டு மசாலா அனுப்புங்கள். இங்கே விற்பதில் காரம் மட்டும்தான் இருக்கிறது. ஒற்றை ஆளுக்குச் சமைக்கவே மனம் வருவதில்லை.

தபால் எடுக்கும் நேரமாகிவிட்டது. ஞாயிறன்று படம் கோலாப்பூருக்கு வருகிறது. இதில் கையெழுத்துப் போடாமலே அனுப்புகிறேன். என் பெயர் படத்தின் கடைசியில் பெரிய எழுத்தில் வரும். அதுவரை எழுந்து போகாமல் உட்கார்ந்து பாருங்கள்.