நாலு தாளில் ஒரு கிரேக்க நகரம்

கோபமாக இருக்கும் என் அக்காவுக்கு,

"அம்பத்திரண்டு வயசுல தனியா கிரேக்கமா? எவன்கூடடி ஓடப்போறே?" என்று போனில் கேட்டாயே, அவ்வளவு நல்ல காலம் எனக்கு எங்கே பிறந்தது?

நூலகத்தில் என் மேசை முழுக்க அந்த நகரம்தான். வரைபடத்தை நாலு தாளாகப் பெரிதாக்கி ஒட்டி, குன்றின் மேல் இருக்கும் பழைய கோயிலுக்கு எத்தனை படி, எந்தப் பக்கம் கைப்பிடி என்று சிவப்பு மையில் குறித்திருக்கிறேன். புராணமும் படிக்கிறேன். அந்தத் தேவர்கள் குடும்பத்தில் அப்பாவே பிள்ளைகளை விழுங்குகிறார். நம் பெரியப்பா, பாவம், சொத்தை மட்டும்தான் விழுங்கினார். ஒற்றைக்கண் ராட்சசனின் கண்ணைக் குத்தும் இடம் வந்ததும் புத்தகத்தை மூடிவிட்டேன்.

கண் டாக்டர் கண்ணாடி மாற்றச் சொன்னதாக உன்னிடம் சொன்னேன் அல்லவா? அவர் உண்மையில் சொன்னது, "பார்க்க வேண்டியதெல்லாம் இந்த வருஷமே பார்த்துடுங்கம்மா."

நேற்று மூலையில் தொங்கிய மழைக்கோட்டைத் தலைமை நூலகர் என்று நினைத்து லீவு கேட்டேன். கோட்டு மறுக்கவில்லை. எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். பிறகு கழிவறைக் கதவைத் தாழிட்டுக்கொண்டு, மூக்குக்கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் போட்டுப் பார்த்தேன்.

நீ கூட வராதே. வந்தால், நான் பார்ப்பதற்கு முன்பே எல்லாவற்றையும் விவரித்துவிடுவாய். சொல்லிக் கேட்பதற்கு மீதி ஆயுள் கிடக்கிறது. பயமாகத்தான் இருக்கிறது, அக்கா. கட்டிய பெட்டியை மூன்று தடவை பிரித்துவிட்டேன்.

திரும்பி வரும் அன்று விமான நிலைய வாசலில் நில். நான் கிண்டல் செய்யும் அந்தக் கிளிப்பச்சைச் சட்டையைப் போட்டுக்கொள். கண்டுபிடிக்கிறேனா என்று சோதித்துப் பார்க்காதே. தூரத்திலிருந்தே கூப்பிடு.

உன் வாயாடித் தங்கை