வெங்காயம் இல்லாத தட்டு

அக்டோபர் 9, வியாழன்

இன்று என் சாப்பாட்டுச் சுற்றுலாவுக்கு ஆறு பேர். எங்கள் தீவுக்குக் கப்பலில் வந்த கனடாக்காரர்கள் நால்வர், மோந்தெர்ரேயிலிருந்து ஒரு புது ஜோடி. வெயில் ஏறுவதற்குள் சந்தைக்குள் கூட்டிக்கொண்டு போய்விட்டேன். எங்கள் மிளகாய்ச் சட்னிக்கு மாயா மொழியில் 'நாய் மூக்கு' என்று பெயர், தின்றால் மூக்கு அப்படி ஈரமாகிவிடும் என்று வழக்கம்போல எச்சரித்தேன். வழக்கம்போல ஒருவரும் கேட்கவில்லை. மெக்சிகோக்காரனுக்கே மிளகாயா என்று புது மாப்பிள்ளை ஒரு கரண்டி அள்ளிப் போட்டுக்கொண்டார். பிறகு வெகுநேரம் மனைவியின் கைக்குட்டையும் கையுமாக உட்கார்ந்திருந்தார்.

நெல்பியின் கடையில் ஏழு தட்டு சல்புத் வந்தது. பொரித்த சோள அப்பம், மேலே வான்கோழி, அதற்கும் மேலே புளிப்பு ஆரஞ்சில் ஊறிய வெங்காயம். வேலை நேரத்தில் நான் சாப்பிடுவதில்லை என்பது அவளுக்குத் தெரியும். காலையிலேயே கண் மங்கிவிட்டதா என்று கிண்டல் செய்தேன். மிஞ்சிய தட்டைக் கனடாக்காரர் ஒருவர் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். பிரச்சினை தீர்ந்தது.

அக்டோபர் 14, செவ்வாய்

மறுபடியும். இந்த முறை காஸ்பார் அண்ணன் கடையில்.

நெல்பி செய்தால் மறதி எனலாம். காஸ்பார் அண்ணன் எச்சில் கையால் காக்கா ஓட்டாதவர். அவர் ஒரு தட்டுப் பன்றிக்கறியைச் சும்மா கூடுதலாக வைப்பாரா? யாருக்கு என்று கேட்டேன். "பின்னாடி ஒருத்தரு நின்னாரே, அவருக்குத்தான்" என்றார், கத்தியிலிருந்து கண்ணை எடுக்காமல். திரும்பிப் பார்த்தேன். வாசலில் யாரும் இல்லை. அவரும் நிமிர்ந்து பார்த்தார். அப்புறம் என் முகத்தைப் பார்த்தார். தட்டை மெதுவாக உள்ளே எடுத்து வைத்துவிட்டார்.

எழுத வேண்டாம் என்றுதான் இருந்தேன். எழுதிவிடுகிறேன். மீன்பிடிக்கக் கடலுக்குப் போகாத நாட்களில் என் புருஷன் வில்பெர்த் என் கூட்டத்தின் பின்னால் நடந்து வருவான். முன்னால் நான் வாயடித்துக்கொண்டு போவேன். படம் எடுக்க நிற்பவர்கள், செருப்பு அறுந்தவர்கள், நாய்க்குட்டியைக் கொஞ்சுபவர்கள், எல்லோரையும் அவன் பின்னாலிருந்து ஓட்டிக்கொண்டு வருவான். கடைக்காரர்கள் அவனுக்கும் சேர்த்துத்தான் தட்டு வைப்பார்கள். போன வருஷம் பிப்ரவரியோடு அது நின்றது.

அக்டோபர் 15, புதன்

காஸ்பார் அண்ணனுக்குப் பழக்கதோஷம். அவ்வளவுதான். அவ்வளவுதான் என்று இன்று காலையிலிருந்து சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

அக்டோபர் 21, செவ்வாய்

இன்றைய கூட்டத்தில் பிளாங்கா என்று ஒரு அம்மாள், புவேப்லா ஊர்க்காரர், முட்டி வலியால் எல்லோருக்கும் கடைசியாக நடந்து வந்தார். எல்லாம் முடிந்து விடைபெறும்போது கையைப் பிடித்துக்கொண்டு கேட்டார்: "உங்க கூட வந்த தம்பி எங்கம்மா? பாவம், நல்ல பசி போல. ஒவ்வொரு கடையிலயும் தட்டையே பாத்துக்கிட்டு நின்னாரு. நீங்க ஒரு வாய் குடுத்திருக்கலாம்."

என்னோடு யாரும் வரவில்லை என்று சொல்ல வாய் வரவில்லை. சரிம்மா, கொடுக்கிறேன் என்றேன்.

பசி என்கிறாரே. பயமாக இருந்தால்கூடப் பரவாயில்லை. பசி என்றதுதான் தாங்க முடியவில்லை.

அக்டோபர் 26, ஞாயிறு

ஆத்மாக்கள் வீட்டுக்கு வரும் நாள் நெருங்குகிறது, ஊர் முழுக்கச் சாமந்தி. எல்லா வீட்டிலும் இறந்தவர்களுக்கான மேசையைக் கழுவி வெயிலில் வைத்திருக்கிறார்கள். எங்கள் மேசையை அத்தை தேய்த்துக்கொண்டிருந்தாள். பக்கத்தில் போய் உட்கார்ந்து கேட்டே விட்டேன்: இந்த வருஷம் மாமாவின் தட்டுக்குப் பக்கத்தில் வில்பெர்த்துக்கும் ஒன்று வைக்கலாமா?

தேய்க்கும் கை நின்றது.

படகு கிடைத்தது, அவன் கிடைக்கவில்லை. வடகாற்று அடித்த மறுநாள் ஜலசந்திக்கு அக்கரையில், மணலில் ஏறிக் கிடந்தது படகு. வலைகூட நனையாமல் இருந்ததாம். அதை வைத்துக்கொண்டு அத்தை இத்தனை நாள் வாழ்கிறாள். எங்கேயோ கரையேறியிருப்பான், தலையில் அடிபட்டுப் பேர் மறந்திருக்கும், ஒருநாள் ஞாபகம் வந்து நடந்து வருவான். அவன் செருப்பை வாசலில் வைத்திருக்கிறாள். வாரம் தவறாமல் மணலைத் தட்டுகிறாள். அதை நகர்த்த எனக்கு அனுமதி கிடையாது.

"செத்தவங்களுக்குத்தான் தட்டு வைப்பாங்க" என்றாள். "அவனுக்கு நீ தட்டு வச்சா, கடல் கொன்னுச்சோ இல்லையோ, நீ கொன்னதா ஆயிடும்."

இதுக்கு நான் என்ன சொல்றது? எனக்கு மட்டும் அவன் வேண்டாமா? கதவு சத்தம் கேட்டா எனக்கு மட்டும் நெஞ்சு நிக்கலையா? — ஆனா உயிரோட இருக்கறவன் காஸ்பார் கடை வாசல்ல வந்து நிப்பானா அத்தை? வீட்டுக்கு வரமாட்டானா?

இதை அவளிடம் சொல்லவில்லை. இங்கே எழுதுகிறேன்.

அக்டோபர் 29, புதன்

போன வருஷம் மேசையில் மாமாவின் தட்டு மட்டும்தான் இருந்தது. படம், மெழுகுவர்த்தி, சாக்லேட், எல்லாம் மாமாவுக்கு. இன்று மீன் சூப்புக் கடையில் விருந்தினர்களுக்கு ஏதோ விளக்கிக்கொண்டிருந்தபோது திடீரென்று தோன்றியது: அன்று அவனும் வந்திருந்தால்? பெயர் சொல்லிக் கூப்பிடாத வீட்டுக்குள் ஆத்மா நுழையாது என்பார்கள். அப்பா சாப்பிடுவதைப் பார்த்துக்கொண்டு வாசலிலேயே நின்றிருப்பானா?

பேச்சைப் பாதியில் விட்டுவிட்டேன். எலுமிச்சைச் சாறு கண்ணில் தெறித்துவிட்டது என்று சமாளித்தேன்.

அக்டோபர் 31, வெள்ளி

வழி இருக்கிறது.

நாதியற்ற ஆத்மாவுக்கு ஒரு தட்டு எல்லா வீட்டிலும் உண்டு. யாருமில்லாதது, யாரும் நினைக்காதது, வழி தவறி வருவது. அதற்கு மேசையில் இடமில்லை, வாசலுக்கு வெளியே வைக்க வேண்டும். இந்த வீட்டில் அது மருமகளின் வேலை. அத்தை கேள்வி கேட்கமாட்டாள்.

அவன் நாதியற்றவன் இல்லை. தெரியும். ஆனால் சாப்பாடு சாப்பாடுதானே?

நவம்பர் 1, சனி

கொல்லையில் குழி வெட்டி, கல்லைச் சூடாக்கி, வாழையிலையில் சுற்றிய பிப்பை இறக்கி மண் மூடினோம். கோழியும் பயறும் வைத்த பெரிய சோளப் பணியாரம் அது. மண்ணுக்குள் போய் வெந்து எழுந்து வருவதால் இந்த நாளுக்கென்றே உள்ள உணவு. சாயங்காலம் மண்ணை விலக்கியதும் இலை கருகிய வாசனை தெரு முழுக்கப் பரவியது. அத்தை மாமாவின் தட்டை வைத்து, பெயர் சொல்லிக் கூப்பிட்டு, வழக்கம்போல அவரைக் கொஞ்சம் திட்டவும் செய்தாள்.

நான் வெளித் தட்டை எடுத்துப் போனேன். பிப் ஒரு துண்டு, சல்புத் இரண்டு, வான்கோழி தாராளமாக. செருப்புக்குப் பக்கத்தில் வைத்தேன். "சாப்பிடு" என்று உதடு அசையாமல் சொன்னேன்.

நிமிர்ந்தால் அத்தை பின்னால் நிற்கிறாள். தட்டையே பார்த்தாள். சமையலறையில் வெங்காயம் ஒரு கிண்ணம் நிறைய ஊறியிருந்தது. மாமாவின் சல்புத்தில் வெங்காயம் இருந்தது, எங்களுடையதில் இருந்தது. இந்த இரண்டில் மட்டும் இல்லை. நான் யோசித்துச் செய்யவில்லை. ஒன்பது வருஷம் அவனுக்குப் பரிமாறிய கை. வெங்காயத்தைக் கண்டாலே தட்டைத் தள்ளிவிடுவான்.

"நாதியத்த ஆத்மாவுக்கு வெங்காயம் புடிக்காதுன்னு உனக்கு யாரு சொன்னா?" என்றாள்.

சத்தம் போடவில்லை. போட்டிருந்தால் தேவலை. தட்டை உதைத்துவிடுவாள் என்று நினைத்தேன். உதைக்கவில்லை. உள்ளே போய், மாமா படத்துக்கு எதிரே எனக்கு முதுகு காட்டி உட்கார்ந்துகொண்டாள். அவள் சாப்பிடவே இல்லை. நானும்தான்.

நவம்பர் 2, ஞாயிறு



ஆத்மாக்கள் வாசனையைத்தான் சாப்பிடும், உணவு அப்படியே இருக்கும் என்பார்கள். காலையில் ஜன்னல் வழியே பார்த்தேன். அத்தை வாசலில் மண்டியிட்டு, குனிந்து, அந்தத் தட்டை முகர்ந்துகொண்டிருந்தாள். முகர்ந்தாள். மறுபடியும் முகர்ந்தாள். நான் பார்த்ததை அவளிடம் காட்டிக்கொள்ளவில்லை.

நவம்பர் 5, புதன்

நெல்பி இன்றும் ஒரு தட்டு கூடுதலாக வைத்தாள். வைத்த பிறகு அவளே பயந்துவிட்டாள். "யாமி, எண்ணி எண்ணித்தான்டி வச்சேன்" என்றாள், அழும் குரலில்.

அப்படியானால் போதவில்லை. போதுமா பின்னே? சொந்த வீட்டு வாசலில், சொந்தச் செருப்புக்குப் பக்கத்தில், யாரோ ஒரு அநாதை என்று பெயர் வைத்துச் சோறு போட்டால் எவன் சாப்பிடுவான்? ரோஷக்காரன் அவன். நான் செய்தது தப்பு.

வீட்டுக்கு வந்து நெல்பி சொன்னதையும், காஸ்பார் அண்ணனையும், பிளாங்கா அம்மாள் பசி என்று சொன்னதையும் அத்தையிடம் சொன்னேன். சொல்லி முடிக்கும் வரை பயறு உரித்துக்கொண்டிருந்தாள். முடித்ததும், அந்த அம்மா பசின்னா சொன்னா, என்று மட்டும் கேட்டாள். ஆமாம் என்றேன்.

நவம்பர் 8, சனி

எட்டாம் நாள். ஆத்மாக்கள் திரும்பிப் போகும் நாள். தெருவில் எல்லாச் சுவரடியிலும் மெழுகுவர்த்தி.

வேலை முடிந்து வந்தபோது வாசலில் செருப்பு இல்லை. அவன் வந்துவிட்டான் என்றே நினைத்தேன். இத்தனை எழுதிய பிறகும், தட்டு வைக்கக் கேட்ட நானே அப்படித்தான் நினைத்தேன்.

உள்ளே மேசையில் இரண்டு தட்டு. மாமாவின் படத்துக்குப் பக்கத்தில் அவன் படம், எங்கள் கல்யாணத்தில் எடுத்தது. செருப்பு மேசைக்கு அடியில், தட்டுக்கு நேராக, உட்கார்ந்திருப்பவன் கால் நுழைக்க வசதியாக. அவன் தட்டில் சல்புத் நான்கு. ஒன்றிலும் வெங்காயம் இல்லை.

அத்தை மடியில் கையை வைத்து உட்கார்ந்திருந்தாள். கண் வீங்கியிருந்தது. "நீ கூப்பிடு, புள்ள" என்றாள். "என் வாயால வரமாட்டேங்குது."

கூப்பிட்டேன். வில்பெர்த், உள்ளே வா, சாப்பிடு, என்றேன். அத்தை என் கையைப் பிடித்துக்கொண்டாள். இருவரும் ஓவென்று அழுதோம். பக்கத்து வீட்டில் பாட்டை நிறுத்திவிட்டார்கள்.

நவம்பர் 11, செவ்வாய்

இன்றும் ஆறு பேர். நெல்பி ஆறு தட்டு வைத்தாள். காஸ்பார் அண்ணன் ஆறு தட்டு வைத்துவிட்டு, சரியா இருக்கா என்று தயங்கிக் கேட்டார். சரியாக இருக்கிறது என்றேன். ஏழாவது வருமா என்று கடைசிவரை அவர் கையையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

சந்தையை விட்டு வெளியே வந்து எண்ணினால் ஐந்து பேர்தான். திரும்பிப் பார்த்தேன். தூரத்தில் ஒரு பெண் குனிந்து செருப்பு வாரைச் சரிசெய்துகொண்டிருந்தாள். அவளுக்குப் பின்னால் தெரு வெறிச்சென்று கிடந்தது. மற்றவர்களை நிழலில் நிற்கச் சொல்லிவிட்டு, அவளை அழைத்து வர நானே திரும்பி நடந்தேன்.