ஆளுக்கு ஓர் அடி

சேச்சி,

இன்று காலை மட்டாஞ்சேரியில் அந்தச் சுக்குக் கிடங்கின் ஷட்டரைத் தூக்கியதும் காரநெடி மூக்கில் ஏறியது. நீங்கள் அடி வாங்கிய இடம். நீங்கள் இறந்துபோய் ஒரு மாதம் ஆகிறது. நீங்கள் அடி வாங்கிய அன்று நான் எடுத்த வீடியோவை அதே சுவரில் ஓடவிட, புரொஜெக்டரைச் சுமந்து வந்திருந்தேன்.

கல்யாண வீடியோ எடுத்துப் பிழைக்கிற என்னைக் கூப்பிட்டு, "என் மூஞ்சி வேண்டாம்டா. அடிக்கறவா மூஞ்சிதான் வேணும், கேட்டியா" என்றீர்கள். வீட்டுக்குள் பெண்கள் வாங்குகிற அடியை நாலு பேர் பார்க்க, ஒரு கலைநிகழ்ச்சியாக வாங்கப் போவதாகச் சொன்னீர்கள். இந்த அம்மாவுக்குப் பைத்தியம் என்று நினைத்துக்கொண்டே காமிராவைப் பொருத்தினேன். நீங்கள் ஒரு மூட்டைமேல் உட்கார்ந்தீர்கள். பக்கத்தில் தண்ணீரில் ஊறிய சணல் கயிறு, நுனியில் ஒரு முடிச்சு. சுவரில் பலகை: ஆளுக்கு ஓர் அடி.

பார்க்க வந்தவர்கள் முதலில் சிரித்தார்கள். ஒரு பெண் கயிற்றால் லேசாகத் தொட்டுவிட்டு அழுதுகொண்டே வெளியே ஓடினாள். அரை மணியில் வரிசை நீண்டது, சிரிப்பு நின்றது. உங்கள் ரவிக்கை கிழிந்து முதுகுத் தோல் உரிந்தது. வெள்ளைச் சட்டை போட்ட ஒருவர் முழு பலத்தோடு ஓங்கினார். அந்த நேரம் பார்த்து எவனோ குறுக்கே போய் லென்ஸை மறைத்தான். தாலி கட்டுவது படத்தில் விழாவிட்டால் மாப்பிள்ளையிடம் சொல்வேனே, அந்தப் பழக்கத்தில் வாய் தானாகத் திறந்துகொண்டது.

"சேட்டா, மறைஞ்சு போச்சு. இன்னும் ஒருக்கா!"

அவர் சந்தோஷமாகத் திரும்பி வந்தார். இந்தத் தடவை முடிச்சு உங்கள் இடது காதில் விழுந்தது. ரத்தம் கழுத்தில் இறங்கியது. அதன்பிறகு பலகையை யார் மதித்தார்கள்? இரண்டு, மூன்று, நாலு என்று விளாசினார்கள். ஒருவன் மூட்டையோடு சேர்த்து உங்களை உதைத்தான். நீங்கள் எழுந்திருக்கவில்லை. நானும் காமிராவை நிறுத்தவில்லை. கயிறு அறுந்த பிறகுதான் எல்லாம் ஓய்ந்தது.

அந்தக் காது பிறகு கேட்கவே இல்லை. ஆஸ்பத்திரியில் உங்கள் கட்டிலருகே நின்று, "என் சத்தத்த மட்டும் வெட்டிடறேன் சேச்சி" என்று கெஞ்சினேன். "எல்லார் மூஞ்சியும் இருக்கு. உன் மூஞ்சி இல்லையே. சத்தமாவது இருக்கட்டும்" என்றீர்கள். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு, கயிறு கையில் கிடைத்திருந்தால் நானே அடித்திருப்பேன். அதற்கப்புறம் உங்கள் தெருப்பக்கமே வரவில்லை. சாவுக்கும் வரவில்லை.

போன வாரம் உங்கள் தங்கை உங்களிடம் இருந்த வீடியோவைக் கொடுத்து, "உன் சத்தம் வேண்டாம்னா எடுத்துடு. அவ இல்லை, இனி யார் கேக்கப் போறா" என்றாள். வெட்டினேன், சேச்சி. வெட்டிவிட்டு ஓட்டிப் பார்த்தேன். வெள்ளைச் சட்டைக்காரர் யாரும் சொல்லாமல், தானாகவே திரும்பி வந்து உங்களை அடித்தார். பழி மொத்தமும் அவர் தலையில் விழுந்தது. எனக்கு உடம்பெல்லாம் கூசியது. வெட்டியதைத் திரும்பச் சேர்த்தேன்.

இன்று மதியம் கிடங்கில் படம் ஓடியபோது காலேஜ் பெண் ஒருத்தி வந்து பார்த்தாள். என் குரல் வந்ததும் முகத்தைச் சுளித்து, "ஆரு சேட்டா அது? மனுஷனா அவன்?" என்று பக்கத்தில் நின்ற என்னிடமே கேட்டாள்.

"நான்தான் மோளே."

அவள் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டுப் போய்விட்டாள். நாளைக்கும் படம் ஓடும். கேட்கிறவர்களுக்குச் சொல்ல, நான் அங்கேயே நிற்பேன்.