WTL திரும்பி வந்தது

கீல், சனிக்கிழமை

அன்புள்ள எல்ஃப்ரீடாவுக்கு,

உன் முழங்கால் வலி குறைந்திருக்கும் என்று நம்புகிறேன். நான் நலம். இதை நானே எழுதுகிறேன். இரண்டு வருட மாலை வகுப்பு வீண்போகவில்லை.

போன வாரம் உன்னிடம் விடைபெற்றவன் நேராக இங்கே துறைமுகக் கிடங்கு வேலைக்கு வரவில்லை. ஓஸ்னாப்ரூக்கில் வண்டிப் பதிவு அலுவலகத்துக்குப் போனேன். சின்ன வயதில் எனக்குப் படிக்கத் தெரிந்ததெல்லாம் நம் விட்லாகே மாவட்ட வண்டிகளின் எண்பலகையில் இருந்த WTL என்ற மூன்று எழுத்துகள்தான். 1972இல் மாவட்டத்தைக் கலைத்து ஓஸ்னாப்ரூக்கோடு சேர்த்தபோது அதுவும் போயிற்று. இப்போது கேட்பவர்களுக்கு அந்த எழுத்துகளைத் திரும்பத் தருகிறார்கள்.

"வீட்டம்மா வரலையா? படிவத்தை நான் நிரப்பட்டுமா?" என்றாள் அங்கிருந்த பெண். எப்போதும் நீதான் நிரப்புவாய் என்பது அவளுக்குத் தெரியும்.

"வேணாம்மா, நானே எழுதுறேன்."

பின்னால் நின்றவன், "பெரியவரே, நாவலா எழுதுறீங்க?" என்றான்.

"நாப்பது வருஷம் காத்திருந்தேன் தம்பி, நீ நாலு நிமிஷம் நில்லு!"

வரிசையே சிரித்தது. ஒரு திருத்தமும் இல்லாமல் முத்திரை விழுந்தது. நம் வண்டியின் புதுப் பலகையில் WTL, அதற்குப் பக்கத்தில் உன் பெயரின் முதல் எழுத்து!

இங்கே வந்ததும் என் அறைத்தோழன், ஓஸ்னாப்ரூக்கான் யூர்கன், "இல்லாத மாவட்டத்துக்கு எதுக்குய்யா பலகை?" என்று சீண்டினான்.

"இருக்குன்னு அரசாங்கமே முத்திரை குத்தியிருக்கு, படிச்சுப் பாரு!" என்றேன்.

கம்பளிக் காலுறை இரண்டு ஜோடி அனுப்பு, அறை குளிர்கிறது. இத்தனை வருடம் உன் கடிதங்களை யூர்கன்தான் எனக்குப் படித்துக் காட்டினான். அதனால் நீயும் மழையையும் உருளைக்கிழங்கையும் பற்றியே எழுதினாய். இனி நானே படிப்பேன். மனதில் இருப்பதை எழுது, கொஞ்சம் பெரிய எழுத்தில்.

தபால் வண்டி வந்துவிட்டது.

உன் ஹைனோ